ஆளை விட்டுக் கூலியைக் கொண்ட சொல்

ஆங்கில அகராதியைப் புரட்டும் தமிழர், 'கேட்டமரேன்', 'ஷெரூட்', 'மலிகடோனி' ஆகிய சொற்களைக் கண்டு சற்றே மயங்குவர். ஒலி அயலாயினும் வேர் தமிழே. கட்டுமரமும் சுருட்டும் மிளகுத் தண்ணீருமே ஆங்கிலேயர் நாவில் இவ்வுருப் பெற்றன.

இத்தகைய சொற்களைத் திரட்டி ஆராய்ந்த பெருநூல் 'ஹாப்சன்-ஜாப்சன்' ஆகும். தஞ்சையில் நீதிபதியாக விளங்கிய பர்னலும் ஹென்றி யூலும் இதனைத் தொகுத்தனர். பர்னல் 1882-இல் மறைந்தார். நூல் 1886-இல் வெளிவந்தது. முஹர்ரம் ஊர்வலத்தில் எழும் 'யா ஹசன், யா ஹுசைன்' என்னும் முழக்கம் வெள்ளைச் சிப்பாய்களின் வாயில் திரிந்ததே அந்நூற்பெயர். சொற்றிரிபைக் கூறும் நூலுக்குத் திரிந்த சொல்லே பெயராயிற்று.

ஒலியோடு பொருளும் திரிந்தது. கட்டுமரமாவது மரங்களைக் கயிற்றால் பிணைத்த மிதவை. சோழமண்டலக் கரையில் வழங்கிய இதனை, 1697-இல் வெளிவந்த தம் பயண நூலில் டாம்பியர் குறித்துள்ளார். இன்றோ ஆங்கிலத்தில் அச்சொல் இரட்டை உடற்படகைக் குறிக்கும். நம் மிளகுத் தண்ணீர், ஆங்கிலேயர் மேசையில் இறைச்சி சேர்ந்த சூப்பாயிற்று. அச்சொல்லை ஒலிக்குங்கால் 'டோ'வில் அழுத்தம் விழும். 'ஷெரூட்' என்பதில் அழுத்தம் ஈற்றில் விழும். சோழமண்டலம் 'கோரமாண்டல்' ஆனபோது ழகரம் மறைந்து ரகரம் புகுந்தது.

இவை சுவையான திரிபுகள். ஆனால் நெஞ்சைச் சுடும் திரிபும் உண்டு. மலாய் மொழியில் நாற்சந்தி எனப் பொருள்படும் சிம்பாங் அம்பாட் அமைந்துள்ள பகுதி, முன்னாளில் வெல்லெஸ்லி மாநிலம் எனப்பட்டது. 19-ஆம் நூற்றாண்டில் அங்கிருந்த கரும்புத் தோட்டங்களில் தமிழர் உழைத்தனர். தோட்ட வாழ்வைக் கூறும் ஆங்கில ஏடுகளில் இரு தமிழ்ச் சொற்கள் ஓயாது வரும்: ஒன்று கங்காணி, மற்றொன்று கூலி.

கங்காணி என்பது 'கண்காணி' என்பதன் மரூஉ. வேலையை மேற்பார்ப்பவரே தம் ஊருக்குச் சென்று ஆள் திரட்டியும் வந்தார். மலாயாவுக்குத் தொழிலாளர் அனுப்புவதை இந்திய அரசு 1938-இல் தடுத்தபின் அம்முறை ஓய்ந்தது. சொல் மட்டும் அகராதியில் தங்கிற்று.

கூலி என்னும் ஆங்கிலச் சொல், குஜராத்துக் கோலி இனத்தாரின் பெயரினின்று பிறந்தது என்பாரும் உளர். தமிழ்க் கூலியே மூலம் என்பாரும் உளர். எவ்வாறாயினும், தமிழில் கூலி என்பது உழைப்புக்குத் தரும் ஊதியம். உழைப்பவரைக் குறிக்கவேண்டின் கூலியாள், கூலிக்காரர் என்றே நாம் மொழிவோம். ஆங்கிலத்திலோ ஆள் நீங்கிக் கூலி மட்டும் நின்றது. ஊதியத்தின் பெயரே மனிதனுக்குப் பெயராகி, நாளடைவில் வசையுமாயிற்று.

ஆதலின் இச்சொற்களைக் கற்பிக்கும் ஆசிரியர், ஆங்கில ஒலிப்பை ஆங்கில முறைப்படியே கற்பிக்கட்டும். அதனோடு, ஆங்கிலம் கைவிட்ட அந்த 'ஆள்' என்னும் சொல்லையும் மாணவர்க்கு நினைவூட்டட்டும். தோட்டத்தில் உழைத்த பாட்டன் கூலி அல்லன்; கூலி பெற்ற ஆள். இவ்வேறுபாட்டை உணர்ந்த மாணவன், அகராதியில் அச்சொல்லைக் கண்டால் தலைகுனியான்.