பந்தாட்டம் கற்பித்த பள்ளி ஆசிரியர்

பிழைக்க வந்த ஊரின் பெருமையை அறிந்துகொள்வது, அவ்வூரின் உப்பைத் தின்றவர்க்குக் கடமையாகும். கால்பந்து என்றதும் கல்கத்தாவையே நினைக்கும் நம் அன்பர்கள், இந்திய அணியைப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு மேல் பயிற்றுவித்தவர் இந்த ஹைதராபாத் நகரின் பள்ளி ஆசிரியர் ஒருவரே என்பதை அறிவார்களாக.

ஸையத் அப்துல் ரஹீம் 1909-ஆம் ஆண்டு இந்நகரில் பிறந்தார். உஸ்மானியா பல்கலைக்கழகத்தில் பயின்று, காச்சிகுடா நடுநிலைப் பள்ளி முதலியவற்றில் ஆசிரியராகப் பணிபுரிந்தார். 1943-இல் ஹைதராபாத் கால்பந்துச் சங்கத்தின் காரியதரிசியானார். 1950-இல் நகரப் போலீஸ் அணியின் பயிற்சிப் பொறுப்பை ஏற்றார். அவ்வாண்டு தொடங்கி 1954 முடிய, பம்பாயின் ரோவர்ஸ் கோப்பையை அவ்வணியே ஐந்து முறை தொடர்ந்து வென்றது.

அவர் ஆட்டத்தையும் வகுப்புப் பாடம் போலவே கற்பித்தார். வலது காலில் வல்லவர் இடது காலால் மட்டுமே பந்தை உதைக்க வேண்டும் என்ற விதியுடன் தனிப் போட்டி நடத்துவார். பந்தைத் தன்னிடமே வைத்துக்கொண்டு வித்தை காட்டலாகாது, உடனே தோழனுக்குத் தந்துவிட வேண்டும் என்று மற்றொரு போட்டி. செகந்திராபாத் அம்முகுடாவைச் சேர்ந்த ஏழை இளைஞர் துளசிதாஸ் பலராம், பயிற்சிக்கு வந்துபோக வழியில்லை என்றபோது, வாடகைச் சைக்கிளுக்கு நாளொன்றுக்கு ஒரு ரூபாய் கொடுத்து வரவழைத்தாராம். அந்தப் பலராம் பின்னர் இரண்டு ஒலிம்பிக் போட்டிகளில் ஆடினார்.

1951-இல் டில்லியில் நடந்த ஆசிய விளையாட்டில் ஈரானை வென்று இந்தியா தங்கம் பெற்றது. மறு ஆண்டே ஹெல்சிங்கியில், பெரும்பாலோர் வெறுங்காலுடன் ஆடிய நம் அணி, யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்றது. ரஹீம் மனம் தளர்ந்தாரில்லை. 1956-இல் மெல்போர்னில் ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்று, ஒலிம்பிக்கில் நான்காம் இடம் பெற்றோம்.

1962-இல் ஜகார்த்தா ஆசிய விளையாட்டுக்குச் சென்றபோது அவரைப் புற்றுநோய் பற்றியிருந்தது. முதற் போட்டியிலேயே தென் கொரியாவிடம் தோல்வி. எனினும் அணி மீண்டெழுந்தது. இறுதிப் போட்டியில் அதே தென் கொரியாவை எதிர்கொண்டது. இஸ்ரேலுக்கும் தைவானுக்கும் இடமளிக்காததை இந்திய அதிகாரி ஒருவர் கண்டித்ததால், அங்கிருந்த ஏறத்தாழ ஒரு லட்சம் பேரும் நம்மவரை எதிர்த்துக் கூச்சலிட்டனர். தலையில் தையல் போட்டிருந்த காவலாட்டக்காரர் ஜர்னைல் சிங்கை ரஹீம் துணிந்து முன்வரிசையில் நிறுத்தினார். மெட்ராஸ் ரெஜிமெண்டைச் சேர்ந்த பீட்டர் தங்கராஜ், காய்ச்சலிலிருந்து எழுந்து வந்து கோலைக் காத்தார். கிழக்கு ரயில்வேயில் ஆடிய, அதாவது எங்கள் இலாகாப் பிள்ளையான, பி. கே. பானர்ஜி ஒரு கோலும், ஜர்னைல் சிங் ஒரு கோலும் அடித்தனர். 2-1 என்று தங்கம் நமதாயிற்று.

ஒன்பது மாதங்கள் சென்று, 1963-ஆம் ஆண்டு ஜூன் 11-ஆம் நாள் ரஹீம் காலமானார். அதன்பின் இன்றுவரை இந்தியா ஆசிய விளையாட்டுக் கால்பந்தில் தங்கம் பெற்றதில்லை. 2024-இல் அவர் வரலாற்றைத் திரைப்படமாக எடுத்த பிறகே நம்மில் பலர் அவர் பெயரைக் கேள்வியுற்றோம்.

மாலையில் பந்தோடு ஓடும் பிள்ளையை, "படிப்பைக் கெடுத்துக்கொள்கிறாயே" என்று நானும் கடிந்ததுண்டு. இவ்வரலாற்றைப் படித்தபின் என் நாக்கு எழவில்லை. வகுப்பறையையும் மைதானத்தையும் ஒருவரே ஆண்ட ஊரல்லவா இது!