படச்சுருள் தேடிய தமிழர்

நாங்குநேரி வானமாமலைக் கோயில் உள்ளிட்ட பொருநை நாட்டுக் கோயில்களிலே கல்வெட்டுகள் உண்டு. எவர் எவ்வளவு நிலம் விட்டார், விளக்கெரிக்க என்ன கொடுத்தார் என்பன இன்றும் படிக்கக் கிடக்கின்றன. அந்நிலத்தை உழுதவன் முகம் எப்படியிருந்தது? கல் கூறாது. நடமாடும் மனிதனை நடமாடியபடியே பதிந்து வைக்கும் கருவி பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில்தான் உலகின் முன் வந்தது. அது பதிந்ததையாவது நாம் காத்தோமா?

தேடிச் சேர்த்த தமிழர் ஒருவர் உண்டு. கோட்டையூர் ஏ. கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் படக்கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2ஆம் நாள், கப்பலில் சென்றுகொண்டிருந்தபோது, காந்தியாரின் வாழ்க்கையைச் செய்திப்படமாக்க எண்ணினார். காந்தியாரின் வருணாசிரமக் கருத்தை நாம் ஏற்றவரல்லர். ஆயினும் செட்டியாரின் உழைப்பைப் போற்றாதிருக்க முடியுமா?

1893 முதல் 1914 வரை தென்னாப்பிரிக்காவில் பாடுபட்டவர், 1931இல் இலண்டன் வட்டமேசை மாநாட்டுக்குச் சென்றவர் காந்தியார். அவரைப் பிடித்த படங்கள் ஓரிடத்திலா இருக்கும்? செய்திப்படக் கம்பெனிகளின் கிடங்குகளில், தனியார் பெட்டிகளில், கண்டம் கண்டமாகச் சிதறிக் கிடந்தன. பழம்படம் தேடுவோன் முதலில் நாளையும் ஊரையும் அறிய வேண்டும். பிறகு சுருளை ஓட்டிப் பார்த்து, முகத்தை அடையாளங்காண வேண்டும். உரிமையாளரிடம் இசைவு பெற வேண்டும். படியெடுக்கப் பணம் கட்ட வேண்டும். அரசின் ஆதரவின்றி, அந்நியர் ஆட்சிக்காலத்தில், செட்டியார் சேர்த்தது ஏறத்தாழ 50,000 அடி! பேசும்படச் சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். ஆகவே ஒன்பது மணி நேரத்துக்கு மேற்பட்ட படம். அதிலிருந்து 12,000 அடியளவில் தொகுத்து, 1940இல், போர்க்காலத்திலே, தமிழில் வெளியிட்டார்.

அந்தத் தமிழ்ப்படம் எங்கே? முழுமையாகக் கிடைக்கவில்லை. 1953இல் ஹாலிவுட்டில் உருவான ஆங்கில வடிவத்தின் படியை, ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி தேடி, அமெரிக்காவிலிருந்து மீட்டார். தமிழன் ஊர் ஊராய் அலைந்து திரட்டியதைத் தமிழ்நாடு தொலைத்தது. தொலைந்ததன் நிழலைக் கடல் கடந்து தேட வேண்டியதாயிற்று!

காரணம் உண்டு. அக்காலச் சுருள் நைட்ரேட்டால் ஆனது. எளிதில் தீப்பற்றும், நாள்பட்டால் பொடியாகும். அதில் வெள்ளி இருப்பதால் உருக்கி விற்றோரும் உண்டு. நாங்குநேரிக்குத் தெற்கே, நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ் தயாரித்த மௌனப்படம் 'மார்த்தாண்ட வர்மா' எப்படிப் பிழைத்தது தெரியுமா? நாவலின் உரிமை பற்றி வழக்கு வந்தது; படம் பறிமுதலாகிப் பதிப்பகத்திலே முடங்கியது. 1974இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் அதைப் பெற்றது. வழக்கு வாழவைத்தது, வெற்றிகரமாக ஓடியிருந்தால் தேய்ந்தே அழிந்திருக்கும்!

நெல்லைச் சீமையில் மூடிய கொட்டகைகள் பல. துருப்பிடித்த தகரப்பெட்டி எதிலேனும் சுருள் கிடந்தால், பழைய இரும்புக்காரனிடம் போடுமுன் வெளிச்சத்தில் ஓர் அடி பிடித்துப் பாருங்கள். நெருப்பருகே கொண்டுபோகாதீர்கள். புனேவுக்கு ஒரு கடிதம் எழுதுங்கள்.