பாறையில் இல்லாத முகம்

குற்றால சீசனுக்கு வருகிறவர்களில் பலர் அருவியில் குளித்துவிட்டு அப்படியே தென்காசிக்குப் பக்கத்தில் உள்ள சுந்தரபாண்டியபுரத்துக்கும் ஒரு நடை போய் வருவார்கள். 2005-ல் வந்த 'அந்நியன்' படத்தின் ஒரு பாடலுக்காக அங்குள்ள பாறையில் எம்.ஜி.ஆர்., சிவாஜி, ரஜினி, கமல் முகங்களை வரைந்தார்கள். படம் வந்து இத்தனை வருடம் ஆகியும் 'அந்நியன் பாறை' என்றால்தான் ஊருக்குத் தெரியும். இந்த நான்கு பேரையும் வைத்துப் படம் எடுத்த ஒருவர் இருக்கிறார். அவர் முகம் எந்தப் பாறையிலும் இல்லை. அவர்தான் ஆர்.எம்.வீரப்பன்.

அவரை அரசியல்வாதியாக அறிந்தவர்களே அதிகம். தென்காசி இன்னும் நெல்லை மாவட்டத்தில் இருந்த காலத்தில், 1986 இடைத்தேர்தலில் திருநெல்வேலி தொகுதியில் வென்றவர் அவர். ஆனால் அவருடைய முதல் தொழில் நிர்வாகம். புதுக்கோட்டைப் பக்கம் வல்லத்திராக்கோட்டையில் 1926-ல் பிறந்து, 1953-ல் எம்.ஜி.ஆர். நாடக மன்றத்துக்கு நிர்வாகியாக வந்தார். நாடக நிர்வாகி என்றால் என்ன வேலை? கொட்டகை பேசுவது, வசூலை எண்ணுவது, நடிகர்களுக்குச் சம்பளமும் சாப்பாடும் பார்ப்பது, அடுத்த ஊருக்கு சாமான்களை ஏற்றுவது. கைதட்டல் மட்டும் மேடையில் இருப்பவருக்கு!

பிறகு எம்ஜியார் பிக்சர்ஸ். அதன் முதல் படம் 'நாடோடி மன்னன்' (1958). எம்.ஜி.ஆரே இயக்கி, இரட்டை வேடத்தில் நடித்து, கையில் இருந்ததையெல்லாம் கொட்டி எடுத்த படம். தோற்றால் எல்லாம் போய்விடும் என்ற நிலையில் நிர்வாகத்தைக் கவனித்தவர் வீரப்பன். படத்தின் கதை இலாகாவிலும் அவர் பெயர் உண்டு.

அதன் பின் சொந்தமாக சத்யா மூவீஸ் தொடங்கினார். எம்.ஜி.ஆரின் தாயார் சத்யபாமாவின் பெயர்தான் அது. முதல் படம் 'தெய்வத்தாய்' (1964). அதற்கு வசனம் எழுத அவர் அழைத்து வந்தது, அரசு அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே நாடகம் போட்டுக்கொண்டிருந்த கே.பாலசந்தரை! பாலசந்தர் சினிமாவுக்குள் வந்த வாசல் ஒரு எம்.ஜி.ஆர். படம் என்பது இன்று பலருக்கு வியப்பாக இருக்கும்.

பெரிய சோதனை 'காவல்காரன்' படத்தின்போது வந்தது. படம் பாதியில் இருக்கும்போது 1967 ஜனவரி 12 அன்று எம்.ஜி.ஆர். சுடப்பட்டார். உயிர் பிழைத்தார், ஆனால் குரல் மாறிவிட்டது. கதாநாயகனின் குரலே போய்விட்டால் போட்ட பணம் என்ன ஆகும்? வேறொருவரைப் பேசவைக்கவில்லை. அந்த மாறிய குரலோடேயே படம் அந்த ஆண்டு செப்டம்பரில் வெளிவந்தது. ஜனங்கள் ஏற்றுக்கொண்டார்கள். 'ரிக்‌ஷாக்காரன்' (1971) எம்.ஜி.ஆருக்கு தேசிய விருது வாங்கித் தந்தது. 'இதயக்கனி'யோடு (1975) சேர்த்து சத்யா மூவீஸுக்காக எம்.ஜி.ஆர். நடித்தவை ஆறு படங்கள்.

எம்.ஜி.ஆர். முதல்வரான பிறகும் கம்பெனி நிற்கவில்லை. ரஜினிக்கு 'மூன்று முகம்', கமலுக்கு 'காக்கிச் சட்டை', சிவாஜிக்கு 'புதிய வானம்' என்று வரிசையாக வந்தன. மந்திரியாக இருந்துகொண்டே பட முதலாளியாகவும் இருந்தார்.

அதுவே கடைசியில் வினையானது. 1995-ல் 'பாட்ஷா'. அதன் வெற்றி விழா மேடையில் வீரப்பன் அமைச்சராக உட்கார்ந்திருந்தார். இயக்குனர் மணிரத்னம் வீட்டில் குண்டு வீசப்பட்டிருந்த நேரம் அது. தமிழ்நாட்டில் வெடிகுண்டு கலாச்சாரம் வந்துவிட்டது என்று ரஜினி மைக்கில் பேசிவிட்டார். பேசியவர் நடிகர், பதவி போனது பக்கத்தில் இருந்த தயாரிப்பாளருக்கு! ஜெயலலிதா அவரை அமைச்சரவையில் இருந்து நீக்கினார்.

வீரப்பன் 2024 ஏப்ரல் 9 அன்று, 97 வயதில் காலமானார். மறு ஆண்டு அவரைப் பற்றி வந்த ஆவணப்படத்தில் ரஜினி அந்தச் சம்பவத்தைச் சொன்னார். போனில் கூப்பிட்டு வருத்தம் தெரிவித்தபோது, எதுவுமே நடக்காததுபோல, மனதில் வைத்துக்கொள்ள வேண்டாம் என்று சொல்லிவிட்டு, இப்போது எங்கே ஷூட்டிங் என்று கேட்டாராம் வீரப்பன்.