திரையில் நாதசுரம்: ‘தில்லானா மோகனாம்பாள்’ முன்வைக்கும் நடிப்புச் சிக்கல்

தமிழ்ப் பேசும்படத்தின் தொடக்கக் காலத்தில், இசைக்கலைஞராக நடிப்பது எவ்வாறு என்னும் வினா பெரிதாக எழவில்லை. எம்.கே. தியாகராஜ பாகவதர் முதலியோர் பாடகராக இருந்தே நடிகராயினர். பின்னணிப் பாடல் முறை வேரூன்றிய பின்னரே ஒருவரது இசைக்கு மற்றொருவர் உடலைப் பொருத்தும் பயிற்சி தேவைப்பட்டது.

வாய்ப்பாட்டில் உதடசைவு பொருந்தினால் பாதி வேலை முடிந்துவிடும். நாதசுரத்தில் அவ்வசதி இல்லை. சீவாளி வாயை அடைத்துவிடுகிறது; கன்னம், கழுத்து நரம்பு, புருவம், மூச்சு ஆகியனவே எஞ்சுகின்றன. ஏழு துளைகளை மூடித் திறப்பதால் மட்டுமன்றி, உதட்டழுத்தத்தாலும் காற்றின் அளவாலும் சுரம் பிறப்பதால், விரலசைவை மட்டும் பழகிய நடிகர் தப்ப இயலாது. கோயிலிலும் திருமண வீட்டிலும் அக்கருவியை அருகிருந்து பார்த்துப் பழகிய மக்களே பார்வையாளர் என்பதும் நினைக்கத்தக்கது.

‘கொஞ்சும் சலங்கை’யில் (1962) ஜெமினி கணேசனுக்காகக் காருகுறிச்சி அருணாசலம் வாசித்தார். அப்படத்தின் புகழ்பெற்ற பாடலில் எஸ். ஜானகியின் குரலும் நாதசுரமும் மாறிமாறி வருவதால் நடிகரின் சுமை பகிரப்படுகிறது. கொத்தமங்கலம் சுப்பு ஆனந்த விகடனில் எழுதிய தொடரைத் தழுவி ஏ.பி. நாகராஜன் இயக்கிய ‘தில்லானா மோகனாம்பாளில்’ (1968) நிலை வேறு. வாசித்தவர்கள் மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள். திரையிலும் சிவாஜி கணேசன், ஏ.வி.எம். ராஜன் என இருவர். இரட்டை நாதசுரத்தில் இரு உடல்களும் ஒரே இடத்தில் மூச்செடுக்க வேண்டும். தவிலுடன் அமரும் டி.எஸ். பாலையாவோ தாளத்துக்கு இணையாகத் தலையசைப்பையும் ரசிப்பையும் நடிக்கிறார். வாசிக்காத நொடியிலும் கேட்டுக்கொண்டிருக்கும் முகமே குழுவை நம்பவைக்கிறது. பார்த்துப் பார்த்தே கற்கும் பாய்ஸ் கம்பெனி மரபிலிருந்து சிவாஜி வந்தவர் என்பதை இங்கு இணைத்துக் காணலாம்.

எனினும், இந்நடிப்பை விரல், மூச்சு என்னும் தொழில்நுட்ப அளவில் நிறுத்துவது குறைபாடுடையது. சிக்கல் சண்முகசுந்தரத்தின் நிமிர்வும் முன்கோபமும் வெறும் கதாநாயகத் தோரணையல்ல. கிராப்புத் தலையும் ஷெர்வானியுமாக மேடையேறி, நாதசுரக் கலைஞருக்குரிய மரியாதையை வற்புறுத்திய திருவாவடுதுறை டி.என். ராஜரத்தினம் பிள்ளை 1956இல்தான் மறைந்திருந்தார். இசை வேளாளர் சமூகம் ஊர்வலத்தில் நின்று வாசித்ததும் சபை மேடைக்காக வாதாடியதும் பார்வையாளர் நினைவில் பசுமையாக இருந்த காலம் அது. மதிப்புக் குறைந்ததாகத் தோன்றும் இடத்தில் கருவியை உறையிலிட்டு எழும் கலைஞனின் உடல்மொழியையும் நடிகர் கற்றாக வேண்டியிருந்தது. அதைச் சொல்லித்தரச் சுரக்குறிப்பு ஏதுமில்லை.