ஒற்றி, ஈடு, தவணை: வீடு காணிக் கடனின் உண்மை விலை பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

ஈட்டினைக் குறிக்க ஆங்கிலத்தில் வழங்கும் 'மோர்கேஜ்' என்னும் சொல் பழைய பிரெஞ்சு மொழியினின்று வந்ததாகும். 'இறந்த ஈடு' என்பதே அதன் நேர்ப்பொருள். பதினைந்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த லிற்றில்ற்றன் என்னும் ஆங்கிலச் சட்ட அறிஞர் இதற்கு ஒரு விளக்கம் கூறினார். கடனிறுக்கத் தவறினால் நிலம் கடனாளிக்கு இறந்ததாகின்றது. கடன் இறுக்கப்பட்டால் அது கடன் கொடுத்தோனுக்கு இறந்ததாகின்றது என்பதே அது. ஆயின் அவருக்கு ஏறக்குறைய முந்நூறு ஆண்டுகள் முன்னர், பன்னிரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்ததும் கிளான்வில் என்பாரின் பெயரால் வழங்குவதுமான சட்டநூல் வேறொரு விளக்கத்தைத் தருகின்றது. ஈடாகப் பெற்ற நிலத்தின் விளைவு கடன் முதலில் கழிக்கப்படுமாயின் அது உயிருள்ள ஈடு. விளைவு முழுவதும் கடன் கொடுத்தோனைச் சேர, முதல் குறையாது அப்படியே நிற்குமாயின் அது இறந்த ஈடு. இரண்டாவதை அரசனின் மன்று தடைசெய்யவில்லை. எனினும் அது வட்டி வாங்கும் பாவத்தின் ஒரு வகையாகவே அந்நூலிற் கருதப்படுகின்றது.

இவ்விரு விளக்கங்களுள் முன்னையதே பின்வந்தோரால் பெரிதும் எடுத்தாளப்பட்டது. ஆனால் பொருளாதார வரலாற்றினை நோக்கும் மாணவனுக்குப் பயன்படுவது பின்னையதே எனலாம். ஏனெனில், வாங்கிய தொகை எவ்வளவு என்பதைக் காட்டிலும், அத்தொகை தீரும்வரை கடனாளியின் கையினின்று மொத்தமாக வெளியேறுவது எவ்வளவு என்னும் வினாவை அது எழுப்புகின்றது. இவ்வினாவை யாழ்ப்பாணத்தின் ஒற்றி முறைக்கும், அதன்பின் இலங்கையில் வளர்ந்த ஈட்டுக் கடனுக்கும் பொருத்திப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காறுகள் ஒல்லாந்தர் காலத்தில், தேசாதிபதி கோர்னேலிஸ் யோவான் சைமன்ஸின் பணிப்பின் பேரில், யாழ்ப்பாணத்துத் திசாவையாகவிருந்த கிளாஸ் ஐசாக்ஸ் என்பவரால் 1706-1707ஆம் ஆண்டுகளில் தொகுக்கப்பட்டன. அத்தொகுப்புத் தமிழில் பெயர்க்கப்பட்டு, முதலியார்கள் பன்னிருவரின் பரிசீலனைக்கும் விடப்பட்டது. பிரித்தானியர் 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க ஒழுங்குவிதியினால் அதற்குச் சட்டவலு அளித்தனர். தேசவழமை என நாம் அறிவது இதுவே. முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்னும் சொத்துப் பகுப்புகளைப் பற்றிப் பலரும் எழுதியுள்ளனர். ஒற்றி பற்றிய பகுதி அத்துணை கவனம் பெறவில்லை. சீதனமாகக் கொடுக்கப்பட்ட காணிகளுட் பல இடையிடையே ஒற்றிக்குப் போய் மீண்டவையே என்பதை நோக்குமிடத்து இப்புறக்கணிப்பு வியப்புக்குரியதே.

ஒற்றியின் அமைப்பு எளிமையானது. காணிக்குரியவன் ஒரு தொகையைப் பெற்றுக்கொண்டு காணியைக் கடன் கொடுத்தோனின் ஆட்சியில் விடுகின்றான். பணத்துக்கு வட்டியில்லை, காணியின் விளைவே வட்டிக்கு ஈடாகின்றது. முதலை முழுதாகத் திருப்பிக் கொடுத்தாலன்றிக் காணி மீளாது. மீட்கும் காலமும் கடனாளியின் விருப்பத்துக்கு முற்றாக விடப்படவில்லை. ஒற்றிக்காரன் இட்ட பயிரின் பலனை அவன் எடுத்துக்கொள்ளும் வகையில், நிலத்தின் தன்மைக்கும் பயிரின் தன்மைக்கும் ஏற்ப மீட்புக்குரிய காலங்களைத் தேசவழமை வேறுபடுத்திக் கூறுகின்றது. உழைத்தவன் பலனை இழக்கலாகாது என்னும் உழவர் சமூகத்தின் நீதி இதிற் புலனாகின்றது. எனினும் கிளான்வில் கூறிய இலக்கணப்படி பார்ப்பின் ஒற்றி என்பது ஐயத்துக்கிடமின்றி இறந்த ஈடேயாம்.

இதன் விலையைக் கணக்கிட்டுப் பார்ப்போம். பின்வரும் தொகைகள் விளக்கத்துக்காக எடுத்துக்கொண்டவையே. ஒருவன் 600 ரூபாவுக்குத் தன் தோட்டக்காணியை ஒற்றி வைக்கின்றான் எனக் கொள்வோம். செலவு நீக்கி ஆண்டொன்றுக்கு அக்காணி 90 ரூபா பெறுமதியான பலனைத் தருகின்றது. இருபது ஆண்டுகளின் பின் மீட்பானாயின் அவன் எண்ணிக் கொடுப்பது 600 ரூபாவே. தான் வாங்கியதையே கொடுத்ததாக அவனுக்குத் தோன்றும். ஆனால் அதற்கிடையில் 1,800 ரூபா பெறுமதியான விளைவு அவனை விட்டுச் சென்றுவிட்டது. மொத்தச் செலவு 2,400 ரூபா. அதாவது வாங்கிய கடனின் நான்கு மடங்கு. அதே காணி உயிருள்ள ஈடாக இருந்து, நூற்றுக்கு 9 வீத வட்டி போக எஞ்சிய விளைவு முதலிற் கழிக்கப்பட்டிருப்பின், பதினோராம் ஆண்டிலேயே கடன் தீர்ந்திருக்கும். அவன் கையிலிருந்து ஒரு சதமும் வேண்டியிருந்திராது.

இக்கணக்கை அக்காலத்தவர் அறியாதிருந்தனர் எனக் கருதுவது தவறு. விளைவைக் கண்ணாற் காண்பவர்கள் அவர்கள். வேலிக்கு அப்பால் நின்று தம் பனையிலிருந்து பிறர் நுங்கு இறக்குவதைப் பார்த்தவர்கள். அவ்வாறாயின் ஏன் ஒற்றி வைத்தனர்? மகளின் கலியாணம், மரணச் சடங்கு, வழக்குச் செலவு, மழை பொய்த்த ஆண்டின் வயிற்றுப்பாடு என்பன ஆண்டுக்கணக்கிற் பொறுத்திருக்கக்கூடிய தேவைகள் அல்ல. புகையிலைச் செய்கை பரவிய பின்னர் நிலைமை மேலும் சிக்கலாயிற்று. திருவிதாங்கூர்ச் சந்தையை நம்பியிருந்த அப்பயிருக்கு எருவும் கூலியும் முற்பணமாக வேண்டியிருந்தன. அச்சந்தை தளர்ந்தபோதெல்லாம் கடன் மிஞ்சியது. காணியுள்ளவனிடம் காசில்லை, காசுள்ளவனுக்குக் காணி வேண்டும். இந்நிலையில் ஒற்றியின் நிபந்தனைகளை வகுத்தவர் யாவர் என்பது கூறாமலே விளங்கும்.

ஒற்றிக்கு ஒரு நற்பண்பும் உண்டு. அதை மறைத்துக் கூறுதல் ஆய்வுநெறிக்கு ஒவ்வாது. மழையின்றி விளைவு பொய்த்தால் அந்நட்டம் ஒற்றிக்காரனுடையதே. கடனாளிக்கு நிலுவை வட்டி என ஒன்று ஏறுவதில்லை. காசு வட்டியில் இப்பாதுகாப்பு இல்லை. மேலும் பணத்தின் பெறுமதி வீழ்ச்சியுறும் காலங்களில், பழைய ரூபாவில் எழுதிய ஒற்றித் தொகையைப் புதிய ரூபாவில் இறுப்பது எளிதாயிற்று. அதற்கெதிராக, ஆட்சி தற்காலிகமானது என அறிந்தவன் நிலத்தைத் தன் நிலமாகப் பேணுவானா என்னும் கேள்வியும் உள்ளது. காய்ப்பதற்குப் பல ஆண்டுகள் செல்லும் தென்னையையோ பனையையோ அவன் நட்டுவைக்க வேண்டிய காரணம் இல்லை. இவ்விழப்பு எந்த உறுதியிலும் எழுதப்படுவதில்லை.

இன்னொரு விலையும் உண்டு. காணியை விற்க விரும்புபவன் தன் உரித்தாளருக்கும் பங்காளருக்கும், அயற்காணி உடையவராய் அக்காணியை ஈடாகப் பெற்றிருப்போருக்கும் முதலில் அறிவித்தல் வேண்டும் என்பது தேசவழமை விதி. அயலவனிடம் ஒற்றி வைத்தவனுக்கு, ஈற்றில் விற்க நேரின், வாங்க வருவோர் வட்டம் இதனாற் குறுகிற்று. முன்கொள்வனவுரிமை பற்றிய 1947ஆம் ஆண்டின் 59ஆம் இலக்கக் கட்டளைச்சட்டமே இவ்வுரிமையைப் பங்குடையோருக்கும், விற்பவனின் உரித்தாளராகக் கூடியோருக்கும் மட்டுமென வரையறுத்தது.

வட்டிக்கு எல்லை வகுக்கும் எண்ணம் நம்மவர்க்குப் புதிதன்று. வட்டி முதலை விஞ்சலாகாது என்பது தரும சாத்திரங்களில் உள்ள விதி. மனுவிலும் அது காணப்படுகின்றது. உரோமன் டச்சுச் சட்டமும் இதனை ஒத்த விதியைக் கொண்டிருந்தது. இலங்கையில் 1852ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கட்டளைச்சட்டம் வட்டி வீதத்தைக் கட்சிக்காரரின் இணக்கத்துக்கு விட்டபோதும், வட்டியாகவோ வட்டி நிலுவையாகவோ அறவிடத்தக்க தொகை முதலை மிஞ்சக்கூடாது எனக் கூறியது. ஆனால் நிலுவையாக ஏறிநிற்கும் வட்டிக்கே இவ்விதி அணையாகும். ஆண்டுதோறும் ஒழுங்காகச் செலுத்தித் தீர்த்த வட்டி இக்கணக்கில் வருவதில்லை. ஒற்றியிலோ நிலுவையே இல்லை. ஆதலால் விதி தொடுவதற்கும் எதுவுமில்லை. சென்னை மாகாணத்திற் சட்டம் இவ்விடத்தில் ஒரு படி மேலே சென்றது. 1938ஆம் ஆண்டின் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தில் 1948இற் செய்யப்பட்ட திருத்தம், முப்பது ஆண்டுகள் நிலத்தை அனுபவித்துவிட்ட ஈட்டாளனின் கடன் தீர்ந்துவிட்டதாகவே கொள்ளப்படும் என வகுத்தது. விளைவும் வட்டியே என்பதைச் சட்டமன்றம் ஏற்றுக்கொண்டமைக்கு இது தக்க சான்று.

பிரித்தானியர் ஆட்சியில் ஈட்டின் உருவம் மாறலாயிற்று. 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச்சட்டத்தின்படி காணி பற்றிய கொடுக்கல் வாங்கல்கள் நொத்தாரிசு முன்னிலையில் எழுதப்பட வேண்டியனவாயின. கடனாளி வீட்டிலேயே இருக்க, காணி எழுத்தில் மட்டும் பிணைக்கப்பட்டுக் காசாக வட்டி செலுத்தப்படும் ஈட்டுறுதி பெருகியது. பிரித்தானிய வங்கிகள் சுதேசிகளுக்கு எளிதிற் கடன் கொடுக்கவில்லை. அவ்விடைவெளியை நாட்டுக்கோட்டைச் செட்டிமார் நிரப்பினர். 1930களின் பெருமந்தத்தில் விலைகள் வீழ்ந்தபோது பலரது தோட்டங்களும் காணிகளும் கடனுக்காகக் கைமாறின. 1934ஆம் ஆண்டின் இலங்கை வங்கி ஆணைக்குழு ஆராய்ந்த விடயங்களுள் இந்நிலையும் ஒன்று. இதனிலும் கொடியது, விற்பனை உறுதி போல எழுதி, குறித்த தவணைக்குள் பணம் கொடுத்தால் திருப்பி எழுதித் தரலாம் என்னும் நிபந்தனை சேர்க்கும் முறை. தவணை ஒருநாள் தவறினும் காணி போயிற்று. அதன் பெறுமதிக்கும் கடனுக்கும் இடையிலான வேறுபாடு முழுவதும் கடனாளியின் இழப்பாயிற்று. 1941ஆம் ஆண்டின் 39ஆம் இலக்கக் கட்டளைச்சட்டத்தால் கடன் இணக்க சபை அமைக்கப்பட்டமைக்கு இத்தகைய துயரங்களே பின்னணியாகும்.

1931ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கக் கட்டளைச்சட்டத்தினால் அரசாங்க ஈட்டு வங்கி தோன்றியது. அது 1979இல் வேறொரு கூட்டுத்தாபனத்துடன் இணைந்து அரச ஈட்டு முதலீட்டு வங்கியாயிற்று. தேசிய வீடமைப்பு அதிகார சபை நிறுவப்பட்டதும் அதே ஆண்டிலேயே. நெடுங்காலத் தவணைக் கடன் இவ்வாறு சாதாரண உத்தியோகத்தனுக்கும் எட்டுவதாயிற்று. தவணைக் கடன் உயிருள்ள ஈடே. ஒவ்வொரு மாதமும் முதல் சிறிதளவாவது குறைகின்றது. ஆயின் எவ்வளவு?

100,000 ரூபாவை 12 வீத ஆண்டு வட்டியில் இருபது ஆண்டுகளுக்கு ஒருவர் பெற்றால் மாதத் தவணை ஏறத்தாழ 1,101 ரூபா. முதல் மாதத்தில் அதில் 1,000 ரூபா வட்டிக்கே செல்ல, கடனிற் கழிவது 101 ரூபா மட்டுமே. பத்து ஆண்டுகளில் அவர் 132,000 ரூபாவுக்கு மேற் செலுத்தியிருப்பார், பாதிக்காலம் கடந்துவிட்டது, ஆனால் கடனில் 76,700 ரூபா இன்னும் நிற்கும். முழுக் காலத்திலும் செலுத்துவது 264,000 ரூபாவுக்குச் சற்று மேல். வட்டி முதலை எப்போதோ தாண்டிவிட்டது; 1852ஆம் ஆண்டின் விதி இதனைத் தீண்டாது, ஏனெனில் நிலுவை என ஒன்றும் இல்லை. இதே கடனைப் பதினைந்து ஆண்டுகளில் இறுப்பதாயின் தவணை 1,200 ரூபா; மொத்தம் 216,000. மாதம் 99 ரூபா கூடக் கட்டுவதனால் மீதமாவது 48,000 ரூபா. வேலிக்கு வெளியே நின்று விளைவைக் கண்ட ஒற்றிக் கடனாளிக்குத் தன் இழப்புப் புலனாயிற்று. தவணைக் கடனாளி தன் வீட்டினுள்ளேயே இருக்கின்றார். மாதச் சம்பளத்தில் ஒரு கூறாக மறைந்துவிடுவதனால் அவருக்கு அது புலனாவதில்லை. வேறு வீட்டுக்கு வாடகை கொடுக்காது மீதப்படுத்துவதையும், பணவீக்கம் கடன்சுமையைக் கரைப்பதையும் இக்கணக்கின் மறுபக்கத்தில் எழுதவேண்டும் என்பதும் உண்மையே.

வட்டி வீதம் மாறக்கூடியதாக எழுதப்பட்ட கடன்களில் இன்னோர் இடர் உண்டு. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரேயடியாக 7 வீதப் புள்ளிகளால் உயர்த்திற்று. மேற்கூறிய கடனாளி பத்து ஆண்டுகள் செலுத்திய நிலையில் அவரது வீதம் 12இலிருந்து 20 ஆக ஏறுமாயின், தவணை 1,101 ரூபாவிலிருந்து ஏறத்தாழ 1,483 ரூபாவாகும். சம்பளம் அவ்வாறு ஏறுவதில்லை. தவறினால் வங்கி நீதிமன்றுக்குச் செல்லாமலே ஈட்டினை ஏலத்தில் விற்கும் அதிகாரத்தை 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் வழங்கியிருந்தது. தலைமுறைக் கணக்காகக் காணியை அனுபவித்த ஒற்றிக்காரனுக்குக்கூட இவ்வாறு தானாக விற்கும் உரிமை இருந்ததில்லை. அவன் மீட்பை எதிர்பார்த்து இருக்கவேண்டியவனே. நெருக்கடியில் வீழ்ந்த கடனாளிகளின் முறையீடுகளை அடுத்து, 2024ஆம் ஆண்டில் நாடாளுமன்றம் அவ்வதிகாரத்தைச் சில மாதங்களுக்கு நிறுத்திவைத்தது.