தொகுப்பும் ஒரு பாஷ்யமே

உடையவர் ராமானுஜர் அவதரித்த ஸ்ரீபெரும்புதூரிலிருந்து வெளிவரும் மலரில் படத்தொகுப்புக் கலை பற்றி எழுதப் பணித்தது அடியேன் பெற்ற பேறு. இங்கிருந்து ஒரகடம் வரை அசெம்பிளி லைனில் உழைப்போர் நிறைந்திருக்கிறார்கள். எடிட்டரும் இயக்குநர் எடுத்துத் தந்ததைப் பொருத்துபவர்தானே என்று அவர்களுக்குத் தோன்றலாம். லைனில் வரும் பாகத்தின் இடம் வரைபடத்திலேயே குறிக்கப்பட்டிருக்கிறது. படப்பிடிப்பிலிருந்து வரும் ரஷ்ஷில் உள்ள ஷாட்டுக்கு அந்த உறுதி கிடையாது. அது எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்று தீர்மானித்த பிறகே அதற்குப் பொருள் பிறக்கிறது. திரைக்கதைதான் வரைபடம் என்பார்கள். 1960இல் வெளிவந்த, இயக்குநர் கோதாரின் 'பிரெத்லெஸ்' அதற்கு மறுப்பு. படம் நீண்டுவிட்டதால், தொகுப்பாளர் செசில் தெக்யூஜியின் மேசையில் ஒரே ஷாட்டின் நடுவிலேயே வெட்டு விழுந்தது. அந்தத் தாவலே படத்தின் நடையாயிற்று.

ஷாட்டுகள் இயக்குநருடையவை, ஆகவே பொருளும் அவருடையதே என்ற வாதம் இதைவிட வலுவானது. அதற்கு விடை நம் மண்ணிலேயே இருக்கிறது. பாதராயணரின் பிரம்மசூத்திரங்களுக்கே சங்கரரும் உரை செய்தார், எம்பெருமானாராகிய ராமானுஜரும் ஸ்ரீபாஷ்யம் அருளினார். சூத்திரங்களை அதிகரணங்களாகப் பகுப்பதிலும், எது பூர்வபட்சம், எது சித்தாந்தம் என்று கொள்வதிலும் இருவரும் வேறுபட்டார்கள். ஓர் உரையில் அத்வைதம் நின்றது, மற்றொன்றில் விசிஷ்டாத்வைதம் நிலைபெற்றது. எங்கே நிறுத்துவது, எதை எதனோடு சேர்ப்பது என்ற தீர்மானம் ஒரு தரிசனத்தையே தாங்கவல்லது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? பாஷ்யகாரர் என்ற உடையவரின் திருநாமத்தை நாம் பக்தியோடு சொல்வதும் அதனால்தான்.

தமிழ்ப் படத்தொகுப்பிலும் ஒரு குருபரம்பரை உண்டு. 'பராசக்தி'யை (1952) கிருஷ்ணனோடு இயக்கிய பஞ்சு, பஞ்சாபி என்ற பெயரில் அதைத் தொகுத்தவரும் ஆவார். அவர்களிடம் உதவித் தொகுப்பாளராகத் தொடங்கியவர் 'பாசமலர்' தந்த ஏ. பீம்சிங். அவருடைய மைந்தர் பி. லெனின். லெனின் தொகுத்த, மகேந்திரனின் 'உதிரிப்பூக்கள்' (1979) இறுதியில் ஊரார் ஆற்றங்கரையில் மையப் பாத்திரமான சுந்தரவடிவேலுவைச் சூழ்ந்து நிற்கும்போது வெட்டுகள் அவசரப்படுவதில்லை. ஒவ்வொரு முகத்திலும் நம் கண் தங்க இடம் இருக்கிறது. அதே லெனின் வி. டி. விஜயனோடு சேர்ந்து தொகுத்த 'காதலன்' (1994) தாளத்தின் வேகத்தில் பாய்கிறது. தேசிய விருது வந்தது 'காதல'னுக்கு. என் மதிப்பில் உயர்ந்தது 'உதிரிப்பூக்கள்'தான், ஏனெனில் வெட்டாமல் காத்திருப்பது கடினமான தீர்மானம். இயக்குநர் அருகிலிருந்து சொல்வதைத்தானே எடிட்டர் செய்கிறார் என்பாருக்கு ஒரு செய்தி: ஜெயகாந்தனின் 'ஊருக்கு நூறுபேர்' கதையைப் படமாக்கிய லெனினுக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதும் கிடைத்தது. மேசையில் பிறந்த தீர்ப்பு அவருடையதாக இல்லாவிட்டால் அந்த விருது எங்கிருந்து வந்திருக்கும்?

இப்பகுதிக் கல்லூரிகளிலும் தொழிலாளர் குடியிருப்புகளிலும் படம் திரையிடும் இளைஞர்களே, உங்கள் அறிவிப்பில் இயக்குநர் பெயரை அடுத்துப் படத்தொகுப்பாளர் பெயரையும் அச்சிடுங்கள்.