சூலேயை நடுவாகக் கொண்ட பபேடான்

1852ஆம் ஆண்டுப் போருக்குப்பின் மாண்ட்கோமரி, பிரேசர் ஆகியோர் சூலே பகோடாவை நடுவாக வைத்து, இரங்கூனைச் செங்குத்தாக வெட்டும் தெருக்களாக வகுத்தனர். பகோடாவின் மேற்கேயுள்ள பபேடானில் தமிழர் 1871இல் காளி கோயில் எழுப்பினர். பின்னர்ப் பிரேசர் தெரு அனோரதா சாலையாகவும், மொகல் தெரு சுவேபொந்தா தெருவாகவும் மாறின. எனவே பழைய ஆவணங்களின் முகவரிகள் இன்றைய வரைபடத்தில் அகப்படுவதில்லை.

இங்குத் துருவ ஆள்கூற்று முறை துணைபுரியும். நிலைப்புள்ளியிலிருந்து தொலைவு, அடிக்கோட்டிலிருந்து கோணம் என்னும் இரண்டே இம்முறையில் ஓரிடத்தைக் குறிக்கப் போதுமானவை. பர்மாவின் சாலைத் தொலைவுகளும் சூலேயிலிருந்தே அளக்கப்பட்டன. அதனையே நிலைப்புள்ளியாகவும் வடதிசையை அடிக்கோடாகவும் கொண்டு, கோயில்களையும் கடைகளையும் பழைய வரைபடத்தில் அளந்து இன்றைய வரைபடத்தில் குறித்தால், பெயர் மாறியும் இடம் மாறாத தமிழர் குடியிருப்பு புலப்படும்.